கடல் கடந்து வந்த தாளம்

இளைஞர் விரும்பிக் கேட்கும் புதுப் பாடல்கள் காதில் விழுந்ததும், “இது எந்த நாட்டுச் சங்கீதம்? எதனோடு எதைக் கலந்தார்கள்?” என்று முதியோர் சலித்துக்கொள்வது வீடுதோறும் நாம் காணும் காட்சி. 2005ஆம் ஆண்டில் வெளிவந்த ‘அருளர்’ என்னும் இசைத்தொகுப்பும் இத்தகைய வினாவுக்கு இடந்தருவதே. இலண்டனிற் பிறந்து, இளமையின் ஒரு பகுதியை யாழ்ப்பாணத்திற் கழித்த மாயா அருட்பிரகாசம் அதில் ஜமேக்கா நாட்டு டான்ஸ்ஹோலையும் அமெரிக்க ஹிப் ஹொப்பையும் இணைத்துப் பாடினார்.

ஆயினும், அவ்விரண்டும் அந்நியமானவை அல்ல. ஒரு குடும்பத்து உறவினரே. கரும்புத் தோட்டங்களில் உழைப்பதற்கென ஆபிரிக்காவிலிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களின் வழித்தோன்றல்கள், 1960களின் இறுதியில் ஜமேக்காவில் ‘றெகே’ இசையை உருவாக்கினர். டான்ஸ்ஹோல் அதன் பிள்ளை. கிங்ஸ்ரனிற் பிறந்து நியூயோர்க்கிற் குடியேறிய கிளைவ் காம்பெல் என்னும் இளைஞர், 1973 ஆகஸ்ட் 11ஆம் நாள் நடந்த ஒரு விருந்தில் இசைத்தட்டுகளைச் சுழற்றியதையே ஹிப் ஹொப்பின் பிறந்தநாளாகப் பலர் கொள்வர்.

ஆபிரிக்கத் தாளம் அத்திலாந்திக்கை மட்டுமா கடந்தது? இந்துமாக்கடலையும் கடந்து நமது புத்தளக் கரைக்கு வந்திருக்கிறது! 1344இல் இலங்கை வந்த இபுன் பதூதா, கொழும்பில் ஆபிரிக்க வீரர்களைக் கண்டதாக எழுதிவைத்தார். பின்னர் போர்த்துக்கேயர் மொசாம்பிக் பகுதியிலிருந்து மக்களைக் கொண்டுவந்தனர். ஆங்கிலேயரும் தம் படையில் ஆபிரிக்கரைச் சேர்த்தனர். படை கலைந்தபின் அவர்களுட் சிலர் புத்தளத்தில் நிலைத்தனர். நகருக்கு அண்மையிலுள்ள சிரம்பியடியில் அவர்களின் சந்ததியார் இன்றும் வாழ்கின்றனர். ‘காப்பிரி’ என்னும் பெயர் பிற நாடுகளில் இழிசொல்லாயினும், இங்கு அம்மக்கள் தம்மைக் குறிக்கத் தாமே வழங்கும் பெயராக இருந்துவருகிறது.

அவர்களுடைய இசை ‘மஞ்ஞா’ எனப்படும். அதற்கு விலையுயர்ந்த வாத்தியங்கள் வேண்டியதில்லை. றபான் முழங்கும், சிரட்டைகள் ஒன்றோடொன்று மோதும், கண்ணாடிப் போத்தலில் கரண்டி தட்டும். பாட்டு மெதுவாகத் தொடங்கிப் படிப்படியாக விரைந்து, இறுதியில் அமர்ந்திருப்போரையும் எழுந்து ஆடச் செய்யும்.

இந்த இசையின் உறவு நம் வீடுகளிலும் உண்டு. ‘கபிரிஞ்ஞா’ என்னும் தாளத்தைத் தழுவி, காவற்றுறையிற் பணிபுரிந்த வொலி பஸ்தியான் 1940களில் சிங்களத்திற் பைலாப் பாடல்களைப் பரப்பினார். ஏ. ஈ. மனோகரன் பாடிய ‘சுராங்கனி’ அப் பைலாவைத் தமிழகம் வரை கொண்டுசென்றது. திருமண வீடுகளில் அதற்குக் கைதட்டிய நம்மில் எத்தனை பேர், அத்தாளத்தின் வேரில் ஆபிரிக்கரும் உள்ளனர் என்பதை எண்ணிப் பார்த்தோம்?

கலப்பினால் இசை கெட்டுவிடும் என்பார்க்கு ஒன்று கூறுவோம். மேனாட்டு வயலினைப் பாலுசுவாமி தீட்சிதர் கற்றுக் கருநாடக இசைக்கு உரியதாக்கினார். இன்று அது இல்லாத கச்சேரி அரிது. ஆகவே கலப்பைக் கண்டு அஞ்ச வேண்டியதில்லை; கொடுத்தவரை மறப்பதே குறை.

அந்த மறதியின் விளைவு சிரம்பியடியிற் கண்கூடு. அம்மக்களின் முன்னோர் பேசிய போர்த்துக்கேயக் கலப்புமொழி இன்று வீட்டுமொழியாக இல்லை. சிங்களமே அவ்விடத்தைப் பெற்றுவிட்டது. அம்மொழிச் சொற்கள் பாடல்களில் மட்டும் நினைவின் வலிமையால் வாழ்கின்றன. சமூகமோ மிகச் சிறியது. பிற இனத்தாருடன் மணவுறவும் பெருகிவிட்டது. மணவுறவு நல்லதே. ஆனால், பாட்டை அறிந்த முதியோர் மறையுமுன் இளையோர் அதைக் கற்றுக்கொள்ளாவிடின், சொற்களும் அவர்களோடு போய்விடும்.

1960களின் ஜமேக்காவில் ஏழைகளின் இசையைப் பெரிதாக மதித்தோர் சிலரே. அங்கு பிறந்த றெகேயை 2018இல் யுனெஸ்கோ மனித குலத்தின் மரபுச் செல்வங்களுள் ஒன்றாக ஏற்றது. மஞ்ஞாவுக்கு அத்தகைய பெருமை வரும்வரை நாம் காத்திருக்க வேண்டுமா? புத்தளம் மாவட்டப் பாடசாலைகளின் கலைவிழாக்களில் அக்கலைஞரை மதிப்புடன் அழைத்து மேடையேற்றலாம். மாணவர் அவர்கள் பக்கத்திலிருந்து பாடிப் பழகலாம். வேடிக்கைப் பொருளாகக் காட்டாமல், ஆசிரியராக அவர்களை வரவேற்பதே முறை.

அடுத்தமுறை உங்கள் பிள்ளை ஒரு புதுப் பாட்டைக் கேட்கும்போது சினவாதீர்கள். அதன் தாளம் எங்கிருந்து வந்ததென்று இருவருமாகத் தேடுங்கள். தேடிப் போகும் வழியில் சிரம்பியடியும் வரக்கூடும்.