ரிசானாவுக்குக் கிடைக்காத மொழிபெயர்ப்பாளர்

வெளிவிவகார, வெளிநாட்டு வேலைவாய்ப்பு அமைச்சர் விஜித ஹேரத் அவர்களுக்கு,

மூதூர் ரிசானா நபீக் 1988 இல் பிறந்த பிள்ளை. கடவுச்சீட்டில் 1982 என்று பொய் எழுதி, 2005 இல் சவூதிக்கு அனுப்பினார்கள். வீட்டு வேலைக்குப் போனவளின் கையில் நான்கு மாதக் குழந்தையையும் கொடுத்தார்கள். புட்டிப்பால் கொடுக்கையில் புரையேறிக் குழந்தை இறந்தது என்றாள் அவள். கழுத்தை நெரித்துக் கொன்றாள் என்றது குற்றச்சாட்டு. வாக்குமூலம் எடுத்தபோது தகுதியான தமிழ் மொழிபெயர்ப்பாளர் இல்லை. அந்த வாக்குமூலத்தைப் பிறகு அவள் மறுத்தும் பயனில்லை. 2007 இல் தவாத்மி நீதிமன்றம் மரண தண்டனை விதிக்கும்வரை சட்டத்தரணியும் இல்லை. மேன்முறையீட்டுக்குப் பணம் திரட்டியது ஹொங்கொங்கிலுள்ள ஆசிய மனித உரிமைகள் ஆணைக்குழு. 2013 ஜனவரி 9 அன்று அவள் தலையை வெட்டினார்கள். கொழும்பு தன் தூதரைத் திருப்பி அழைத்தது அதற்குப் பிறகுதான்.

சவூதியில் வாளால் மரண தண்டனை நிறைவேற்றிய முகமது சாத் அல் பெஷி 2003 இல் அரப் நியூஸ் நாளிதழுக்குப் பேட்டி கொடுத்தார். தன் தொழிலில் அவருக்கு எந்த உறுத்தலும் இல்லை. ஆனாலும் தண்டனைக்கு முன், கொலையுண்டவரின் குடும்பத்திடம் போய் மன்னிக்கும்படி கேட்பேன் என்றார். அங்கே குடும்பம் மன்னித்தால் உயிர் தப்பும். வெட்டப் போகிறவரே கேட்கும் அந்த மன்னிப்பை, நம் அரசு முதல் நாளிலிருந்தே கேட்க வேண்டாமா?

நம் நாட்டில் 1976 க்குப் பிறகு யாரையும் தூக்கிலிடவில்லை. 2014 இல் அலுகோசு (தூக்கிலிடுபவர்) வேலைக்கு வந்தவர் தூக்குமேடையைக் கண்டு அஞ்சி விலகிப் போனார். 2019 இல் மைத்திரிபால சிறிசேன நான்கு பேரின் மரண ஆணையில் கையெழுத்திட்டபோது உயர் நீதிமன்றம் தடுத்தது. இங்கே இத்தனை தயங்குகிறோம். வளைகுடாவில் நம் பிள்ளையின் வழக்கு நடக்கையில் தீர்ப்பு வரும்வரை விழிப்பதில்லை.

காலம் மாறிவிட்டது என்று சொல்லாதீர்கள். 2025 பெப்ரவரி 15 அன்று அபுதாபியில் உத்தரப் பிரதேசத்துப் பெண் ஒருவருக்குத் தண்டனை நிறைவேறியது. அவரும் குழந்தை பார்க்கும் வேலையில் இருந்தவர். வழக்கும் குழந்தை இறந்த வழக்குதான். இந்தியத் தூதரகத்துக்கே செய்தி 28 ஆம் தேதிதான் கிடைத்தது.

ஆகவே அமைச்சரே, வளைகுடாவிலுள்ள ஒவ்வொரு தூதரகத்திலும் அந்நாட்டுச் சட்டத்தரணி ஒருவரை நிரந்தரமாக நியமியுங்கள். கைதான எங்கள் பெண் முதல் வாக்குமூலத்தில் கையெழுத்திடும் முன், தமிழோ சிங்களமோ நன்கு அறிந்த மொழிபெயர்ப்பாளர் பக்கத்தில் இருக்கச் செய்யுங்கள். தொழிலாளர் ஒப்பந்தங்களில் இதை நிபந்தனையாக எழுதுங்கள். இன்று அங்கே மரண தண்டனைக் கைதிகளாக இருக்கும் இலங்கையர் எத்தனை பேர் என்பதைப் பாராளுமன்றத்தில் அறிவியுங்கள்.