பெயரில்லாத பாட்டு யாருடையது?

"நாட்டார் பாடலுக்கு ஆசிரியர் கிடையாது; அது மக்களின் பொதுச் சொத்து" என்றொரு வாதம் நமது இலக்கியக் கூட்டங்களில் அடிக்கடி ஒலிக்கிறது. கேட்பதற்கு முற்போக்காகத்தான் இருக்கிறது. ஆனால் இதனால் பயன் பெறுவோர் யார்? ஓர் ஆபிரிக்கப் பாடலுக்கு நேர்ந்ததைப் பார்த்தால் அது விளங்கும்.

தென்னாபிரிக்காவின் ஜொஹன்னஸ்பேர்க்கில், கலோ இசைத்தட்டு நிறுவனத்தில் தட்டுகளைப் பொதிசெய்யும் வேலை பார்த்தவர் சொலமன் லிண்டா என்ற சூலு இனத்தவர். 1939இல் தனது குழுவினருடன் அதே நிறுவனத்தின் ஒலிப்பதிவுக் கூடத்தில் 'எம்புபே' என்ற பாடலைப் பாடினார். எம்புபே என்றால் சிங்கம். மூன்றாவது தடவை பதிவு செய்கையில், இறுதிப் பகுதியில் அவர் தன்போக்கில் இழுத்துப் பாடிய மெட்டுத்தான் பின்னர் உலகைச் சுற்றியது. பாடலின் உரிமையோ பத்து ஷில்லிங்குக்குக் கைமாறியது.

அத்தட்டு அலன் லோமக்ஸ் என்ற நாட்டாரிசை ஆய்வாளர் மூலம் அமெரிக்கப் பாடகர் பீற் சீகரின் கைக்குப் போனது. 1952இல் அவரது வீவர்ஸ் குழுவின் 'விமோவே' வெளியானது. ஆசிரியர் பெயர் 'போல் கெம்பல்'. அப்படியொரு மனிதர் இருந்ததேயில்லை. அது ஒரு புனைபெயர். 1961இல் ஆங்கில வரிகள் சேர்க்கப்பட்டு, டோக்கன்ஸ் குழு பாடிய 'த லயன் ஸ்லீப்ஸ் டுனைட்' அமெரிக்காவில் முதலிடம் பிடித்தது. 1994இல் டிஸ்னியின் 'லயன் கிங்' திரைப்படத்திலும் அது ஒலித்தது. 1962இல் லிண்டா வறுமையில் இறந்தபோது, கப்றுக்கு ஒரு கல் நாட்டவும் குடும்பத்திடம் வசதியிருக்கவில்லை.

சீகர் இடதுசாரி, கறுப்பின மக்களின் நண்பர். லிண்டாவுக்குப் பணம் அனுப்பச் செய்தவரும் அவரே. பழைய நாட்டார் பாடல் என்றே முதலில் எண்ணியதாகப் பிற்காலத்தில் சொன்னார். நான் அஞ்சுவது இதற்குத்தான். நல்லவர்களையும் களவுக்குத் துணைபோக வைக்கும் சொல்லாக 'நாட்டார்' என்பது மாறிவிடுகிறது.

2004இல் லிண்டாவின் வாரிசுகள் வழக்குத் தொடுத்தனர். ஆசிரியர் இறந்து 25 ஆண்டுகளின் பின் உரிமை வாரிசுகளைச் சேரும் என்ற 1911ஆம் ஆண்டுப் பிரித்தானியப் பதிப்புரிமைச் சட்டம் கைகொடுத்தது. 2006இல் வழக்கு இணக்கத்தில் முடிந்தது. ஒன்றை மறந்துவிடக்கூடாது: 1939ஆம் ஆண்டுத் தட்டில் லிண்டாவின் பெயர் அச்சாகியிருந்தது. அதுவும் இல்லையென்றால் எந்தச் சட்டத்தைக் கொண்டு போய் யாருக்காக வாதாடுவது?

நமது நிலை என்ன? கிழக்கிலங்கை முஸ்லிம் பெண்களின் கவிகளைப் பற்றி மணிக்கணக்கில் பேசுகிறோம். என்னிடமுள்ள சில தொகுப்புகளின் அட்டையில் தொகுத்தவரின் பெயர் பெரிய எழுத்தில் இருக்கிறது. பாடிய பெண்ணோ உள்ளே "ஒரு மூதாட்டி". வயலிலும் வாசலிலும் இருந்து கவி கட்டிய உம்மாமார் எல்லோரும் ஒரே மூதாட்டியா? 2003ஆம் ஆண்டின் 36ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம்கூட, நாட்டார் ஆக்கம் எந்தச் சமூகத்திலிருந்து அல்லது எந்த இடத்திலிருந்து பெறப்பட்டது என்று குறிப்பிட்டாற் போதும் என்கிறது. ஆளைக் கேட்கவில்லை.

கவி வாய்க்கு வாய் மாறும், ஒவ்வொருவரும் ஒரு சொல்லைச் சேர்ப்பார்கள் என்பீர்கள். உண்மைதான். ஆனால் சேர்த்தவளும் ஓர் ஆள்தானே? முதலில் கட்டியவள் யாரென்று தெரியாமற் போகலாம். ஒலிப்பதிவுக் கருவிக்கு முன்னால் இருந்து பாடியவளைத் தெரியாமற் போக வழியில்லை.

2004 டிசம்பர் ஆழிப்பேரலை நமது கரையோர ஊர்களிலிருந்து எத்தனையோ பேரைக் கொண்டுபோய்விட்டது. எஞ்சியிருப்போரிடமாவது பெயரையும் ஊரையும் யாரிடம் அந்தக் கவியைக் கற்றார்கள் என்பதையும் கேட்டு எழுதுங்கள். பெயர் வெளியே வருவதை விரும்பாதவர் இருந்தால் அதையும் எழுதுங்கள். கேட்கவேயில்லை என்றால் "நாங்கள் கேட்கவில்லை" என்று அச்சிடுங்கள். "ஆசிரியர் பெயர் தெரியவில்லை" என்று மட்டும் போடாதீர்கள்.