வாய்மொழியும் வரலாறே

ஏட்டில் உள்ளதே வரலாறு என்னும் எண்ணம் மலேசியத் தமிழரிடையே ஆழ வேரூன்றிவிட்டது. இவ்வெண்ணம் பிழையானது மட்டுமன்று. இச்சமுதாயத்திற்குக் கேடு விளைவிப்பதும் ஆகும். ஏடுகளை எழுதியோர் யாவர்? தோட்டத்துத் துரைமார்களும் கிராணிமார்களுமே. அவர்தம் பேரேடுகளில் பால்மரம் சீவியவன் ஓர் ஆளாகவும் ஒரு நாட்கூலியாகவும் மட்டுமே இடம்பெற்றான். அவன் எவ்வூரான், எக்கப்பலில் ஏறினான், யார் யாரை இழந்தான் என்பனவற்றை எழுத அப்பேரேட்டில் இடமில்லை.

இதன் விளைவைச் சயாம் மரண இரயில்பாதை காட்டுகிறது. 1942, 1943ஆம் ஆண்டுகளில் சயாமையும் பர்மாவையும் இணைக்க, 415 கிலோமீட்டர் நீளப் பாதையைச் சப்பானியர் அமைத்தனர். மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர் அங்குக் கொண்டுசெல்லப்பட்டனர். பசியும் வாந்திபேதியும் மலேரியாவும் அவர்களை வாரிக்கொண்டன. அப்பாதையில் மடிந்த நேசநாட்டுப் போர்க்கைதிகள் ஏறத்தாழ 12,000 பேர். ஆசியத் தொழிலாளரோ அதனினும் பன்மடங்கினர். கைதிகளுக்குக் காஞ்சனபுரியில் பெயர் பொறித்த கல்லறைகள் வரிசையாய் நிற்கின்றன. தமிழ்த் தொழிலாளருக்குப் பெயர்ப்பட்டியலே முழுமையாக இல்லை. ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்' போன்ற புதினங்கள் அத்துயரைக் காத்துத் தந்தன. எனினும் புதினம் சாட்சியத்திற்கு ஈடாகாது. 1943இல் பதினைந்து வயதினராய் இருந்தவர் இன்று தொண்ணூறைக் கடந்தவர். கேட்க வேண்டிய காலத்தில் கேளாதிருந்ததன் பயன் இதுவே.

அத்தவறு மீண்டும் நிகழ்ந்துகொண்டிருக்கிறது. 1969இல் வேலை அனுமதி முறை வந்தபோது, குடியுரிமையற்ற தமிழர் பலர் வாழ்ந்த மண்ணை விட்டுக் கப்பலேறினர். பின்னர் தோட்டங்கள் வீடமைப்புத் திட்டங்களாயின, லயங்கள் இடிக்கப்பட்டன. லாபு, ரந்தாவ், சிலியாவ் வட்டாரத் தோட்டங்களில் தலைமுறை தலைமுறையாய் உழைத்தோரின் மக்கள், இன்று சிரம்பானிலும் அதனையொட்டிய தெமியாங்கிலும் வாழ்கின்றனர். பெரட்டுக் களத்தையும் ஆயாக்கொட்டகையையும் நேரில் அறிந்தோர் இன்னும் உயிருடன் இருக்கின்றனர். அவர்களை அணுகி அமர்ந்து கேட்போர்தாம் அரியர்.

நாடிழந்த பாலஸ்தீனியரை இங்கு எண்ணிப்பார்த்தல் தகும். 1948இல் ஏழு இலட்சத்திற்கு மேற்பட்டோர் ஊர் இழந்தனர். நானூறுக்கு மேற்பட்ட சிற்றூர்கள் வெறுமையாயின. அரசும் ஆவணக் காப்பகமும் தம்மிடம் இல்லாத அம்மக்கள், முதியோரின் சொல்லையே ஆவணமாக்கினர். லெபனான் முகாம்களில் 2002இல் தொடங்கிய நக்பா ஆவணப் பணி, ஐந்நூறுக்கும் மேற்பட்ட நேர்காணல்களை ஒளிப்பதிவு செய்தது. முகாமில் வாழ்வோருக்கு இயன்றது, சங்கங்களும் பள்ளிகளும் மன்றங்களும் நிறைந்த ஒரு சமுதாயத்திற்கு இயலாதா?

முதியோரின் நினைவு தவறும் என்பர் சிலர். தவறும்தான், ஆண்டு மாறலாம், பெயர் மயங்கலாம். பேரேடு மட்டும் தவறாததா? ஒரே தோட்டத்தார் மூவரின் சொல்லை ஒப்பிட்டால் பிழை புலப்படும், உண்மையும் துலங்கும். பட்டினியைப் பட்டவர் அதன் நாளை மறக்கலாம். அதன் காரணத்தை மறப்பதில்லை. வேறு சிலர் பழைய துயரைக் கிளறுவானேன் என்பர். துயரைப் பட்டவர் பேச முன்வரும்போது, கேட்க மறுப்பது இரக்கமன்று, சோம்பலே.

செய்யவேண்டியது அரும்பெரும் செயலன்று. ஒவ்வொரு தமிழ்ப்பள்ளியும் தன் வட்டாரத்து முதியோரின் பட்டியலைத் தொகுக்கலாம். அவரவர் இசைவைப் பெற்று, அவர்தம் பேச்சைப் பதிவு செய்யலாம். 'வாழ்க்கை எப்படி இருந்தது?' எனப் பொதுப்படக் கேட்டால் பெருமூச்சே விடையாகும். எத்தனை மணிக்குப் பெரட்டு, நிரையில் எத்தனை மரம், மழை நாளில் கூலி உண்டா, வெளியேறிய நாளில் எதை எடுத்துச் சென்றீர் எனக் கேட்டால் வரலாறே வாய் திறக்கும். அவர் பேசிய தோட்டத்து மொழியைச் செந்தமிழாய் மாற்றாது எழுதல் வேண்டும். ஒரு படி பள்ளியிலும் மற்றொரு படி தேசிய ஆவணக் காப்பகத்திலும் இருத்தல் நலம்.

பொன்னாடைக்கும் மலர்மாலைக்கும் ஓராண்டில் செலவாகும் பணம் இப்பணிக்குப் போதும். மூத்தோர்க்குப் போர்த்தும் பொன்னாடை ஒரு மாலைப்பொழுதில் மடிக்கப்படும். அவர் சொல்லைக் காப்பதே மெய்யான சிறப்பாகும். தன் கதையைத் தானே எழுதாத சமுதாயத்தைப் பிறர் ஒரு வரியில் எழுதி முடித்துவிடுவர். அவ்வொரு வரியிலேயே நிறைவுறுவதா என்பதை இத்தலைமுறையே தீர்மானித்தாக வேண்டும். சொல்லத் தெரிந்தோர் அடுத்த தலைமுறைக்குக் காத்திருக்கமாட்டார்கள்.