சீருடையைக் கழட்டினால் என்ன மிச்சம்?

"டொம் ஒஃப் ஃபின்லாண்ட் தன்பாலீர்ப்பு ஆண்களுக்கு ஆண்மையைத் திருப்பிக் கொடுத்தவர்" எண்டு ஆராவது சொன்னா எனக்குக் கோவம் வருது. எந்த ஆண்மையை? ஆரிட்ட இருந்து வாங்கி?

முதல்ல அவருக்குரிய மரியாதையைக் குடுத்திடுவம். டொவ்கோ லாக்சொனன், 1920இல் பின்லாந்தில் பிறந்தவர். விளம்பரப் படம் வரைஞ்சு பிழைச்சுக்கொண்டு, ஒளிச்சு வைச்சுத் தன்ர ஆசைகளைப் பென்சிலால் வரைஞ்சவர். 1957இல் 'ஃபிசீக் பிக்டோரியல்' என்ற அமெரிக்கச் சஞ்சிகையின் அட்டையில் அவருடைய காட்டுத் தொழிலாளர்கள் வந்தார்கள். அவருடைய நாட்டில 1971 வரைக்கும் அந்த ஆசை குற்றம். அந்தக் காலத்துக் கதைகளில தன்பாலீர்ப்பாளன் எண்டா நோயாளி, இல்லாட்டி சாகப்போறவன், இல்லாட்டிப் பகிடி. டொமின்ர ஆண்களோ பட்டப்பகலில, வெட்டவெளியில நிண்டு வெக்கமில்லாமல் சிரிச்சாங்கள். அது சின்ன விசயமில்லை. 2014இல் அதே நாட்டுத் தபால்துறை அவற்றை முத்திரையாக வெளியிட்டது.

ஆனால் அந்தச் சிரிப்புக்கு மேல இருக்கிற தொப்பியைப் பாருங்கோ. பொலிஸ்காரன், சிப்பாய், கடற்படைக்காரன், தோல்ச்சட்டை மோட்டார்சைக்கிள்காரன். போர்க்காலத்தில லாக்சொனன் பின்லாந்து இராணுவத்தில அதிகாரி. அப்ப ஜெர்மன் படை பின்லாந்தோட சேர்ந்து நிண்டது. அந்தச் சிப்பாய்களையும் வரைஞ்சார். நாஜிக் கொள்கையைத் தான் வெறுக்கிறதாகவும், உடுப்பு மட்டும்தான் தன்னைக் கவர்ந்ததாகவும் பிறகு சொன்னார்.

அவரை நாஜி எண்டு சொல்ல நான் வரேல்லை. அது சோம்பேறி விமர்சனம். அவருடைய ரசிகர்களிடம் நல்ல பதில் ஒண்டு இருக்கு: அடிக்கிற பொலிஸ்காரனையே ஆசைப்படுற உடம்பாக்கினால் அவன்ர அதிகாரம் கழண்டு விழுந்திடும், அவரின்ர படங்களில ஆள்மாறி ஆள் மேலயும் கீழயும் வருவினம் எண்டு. கெட்டிக்காரத்தனமான வாதம்தான். ஆனா அந்த உடுப்பை ஒருக்கா போட்டுப் பாத்தவனுக்குத்தான் அது விளையாட்டு. சோதனைச்சாவடியில அடையாள அட்டையை நீட்டிக்கொண்டு நிண்ட அப்பாவுக்குப் பக்கத்தில, அவற்ற கையைப் பிடிச்சுக்கொண்டு நிண்ட பிள்ளைக்கு அதே சப்பாத்து, அதே பெல்ட் வேற என்னவோ சொல்லும். குறியீடு எல்லா ஊரிலயும் ஒரே மாதிரி வேலை செய்யாது.

என்ர பெரிய சண்டை சீருடையோட கூட இல்லை. "பாருங்கோ, எங்களாலயும் ஆம்பிளையா இருக்கேலும்" என்ற அந்தப் பெருமையோட. அந்த வசனம் முடியமுதல் ஒருத்தன் வெளியில தள்ளப்படுறான்: இடுப்பை ஆட்டி நடக்கிறவன், குரல் மெலிஞ்சவன், பள்ளிக்கூடத்தில "பொம்பிளை மாதிரி" எண்டு கேட்டுக் கேட்டே வளர்ந்தவன். இலங்கைத் தண்டனைச் சட்டக்கோவையின் 365அ பிரிவு இன்னும் இருக்கு. 1995இல் அதைத் திருத்தினபோது நீக்கேல்லை, பெண்களையும் சேர்த்து உள்ளுக்கை இழுத்தவை. அந்தச் சட்டத்தைக் காட்டித் தெருவில ஆரை முதல்ல மறிப்பினம்? ஜிம்முக்குப் போற அகலத் தோள்காரனையா? டேட்டிங் செயலிகளில "பெண் நடை உள்ளவை வேண்டாம்" எண்டு எழுதுறதும் எங்கட ஆக்கள்தான்.

டொமின்ர உலகத்தில பெண்ணுக்கு இடம் இல்லாத மாதிரித்தான். வண்டி வைச்சவனும் இல்லை, எலும்பு தெரியிறவனும் இல்லை. ஆசை எப்பவும் நியாயமாப் பங்கு போட்டுத்தான் வரவேணும் எண்டு நான் சொல்லேல்லை, அவர் தனக்குப் பிடிச்சதை வரைஞ்சார், சரி. அதை நாங்கள் விடுதலையின்ர அளவுகோலாக்கி, எங்களுக்குள்ளயே ஆக்களை அளக்கிறம் பாருங்கோ, அதுக்கு அந்த மனிசன் பொறுப்பில்லை. நாங்கள்தான்.

எனக்கு அந்தப் படங்களில இப்பவும் பிடிச்சது சிரிப்பு மட்டும்தான். தோள் ஒடுங்கின, கை வளைஞ்ச ஒருத்தனுக்கு அந்தச் சிரிப்பை வைச்சு எங்கட ஆராவது வரையுங்கோவன், நான் அறைச் சுவரில ஒட்டுறன்.