பரண் மேல் ஏறிய மட்டை

சென்ற மாதம் சிம்மக்கல் நூலகத்திலிருந்து திரும்பும் வழியில், பழக்கமான ஒரு பெரியவர் வீட்டில் சற்று நேரம் உட்கார்ந்திருந்தேன். அவருடைய பேத்தி பத்தாம் வகுப்பு மாணவி. இரண்டு வருஷங்களாக டென்னிஸ் ஆடிக்கொண்டிருந்தவள். "இப்போதும் ஆடுகிறாளா?" என்று கேட்டேன். பெரியவர் விரலால் பரணைக் காட்டினார். பழைய பித்தளை அண்டாவுக்குப் பக்கத்தில், உறை போட்ட மட்டை படுத்திருந்தது.

"நம்ம பண்பாட்டுக்கு இதெல்லாம் ஒத்து வருமா, சார்? சானியா மிர்ஸா வந்தாலும் வந்தார், ஊரெல்லாம் இந்தப் பைத்தியம் பிடித்துவிட்டது!"

அன்று அவரிடம் அரைகுறையாகச் சொன்ன பதிலை இங்கே முழுவதுமாகச் சொல்லிவிடுகிறேன். ஏனென்றால், அந்தப் பெரியவர் ஒருவர் அல்லர். தெருவுக்குப் பத்துப் பேர் இருக்கிறார்கள்.

சானியா பிறந்தது 1986-இல். அதற்கு 52 வருஷங்களுக்கு முன்னால், 1934-இல், லீலா ராவ் என்ற பம்பாய்ப் பெண் விம்பிள்டனில் ஆடினார். எதிரே கிளாடிஸ் சவுத்வெல். முதல் செட் 4-6 என்று கைவிட்டுப் போயிற்று. இரண்டாவது செட்டை 10-8 என்று பிடித்தார். டை-பிரேக்கர் என்ற குறுக்கு வழி இல்லாத காலம் அது. இரண்டு ஆட்டம் முந்தும் வரை ஆடியே தீர வேண்டும். மூன்றாவது செட் 6-2. விம்பிள்டன் ஒற்றையர் பந்தயத்தில் வென்ற முதல் இந்தியப் பெண் அவர்தான். அடுத்த சுற்றில் பிரான்ஸின் ஐடா அடமாஃபிடம் தோற்றார். தோற்றால் என்ன? வாசல் திறந்தாகிவிட்டது.

பண்பாடு என்றீர்களே, ஐயா, அந்த வீட்டின் பண்பாட்டைக் கேளுங்கள். லீலாவின் தாயார் பண்டிதா க்ஷமா ராவ், சம்ஸ்கிருதக் கவி. காந்தியடிகளின் போராட்டத்தை 'சத்யாக்ரஹ கீதா' என்று சம்ஸ்கிருதத்தில் காவியமாகப் பாடியவர். அந்த அம்மாளும் டென்னிஸ் ஆடியவர்! சுலோகம் எழுதிய கைதான் பந்தையும் அடித்தது. மகளும் பின்னாளில் சம்ஸ்கிருதத்தில் நாடகங்கள் எழுதினார். எந்தப் பண்பாடு அங்கே குடி முழுகிப் போயிற்று?

'அவர்கள் பணக்காரர்கள்' என்பீர்கள். உண்மை. டென்னிஸ் பணம் தின்கிற ஆட்டம் என்பதை நான் மறுக்கவில்லை. ஆனால், பணம் மட்டுமே போதும் என்றால் நம் ஊரின் பெரிய மாளிகைகளிலிருந்து எத்தனை லீலாக்கள் வந்திருக்க வேண்டும்? வந்தார்களா? லீலாவுக்குக் கிடைத்த பெரிய சொத்து, மட்டை பிடித்த ஒரு தாய். 'பெண் ஆடலாமா?' என்ற கேள்வி அந்த வீட்டில் எழவே இடமில்லை.

நம் பக்கத்துக் கதையும் உண்டு. கோயம்புத்தூரில் பிறந்த நிருபமா வைத்தியநாதன் 1998-இல் ஆஸ்திரேலிய ஓப்பனில் இத்தாலியின் குளோரியா பிஸ்ஸிகினியை வென்றார். தொழில்முறை ஆட்டக்காரர்களுக்கும் வாசல் திறந்த 1968-க்குப் பிறகு, பெரும் பந்தயங்களின் ஒற்றையர் பிரதானச் சுற்றில் வென்ற முதல் இந்தியப் பெண் அவர். ஆனால், நாம் என்ன செய்கிறோம்? அந்த '1968-க்குப் பிறகு' என்பதை வசதியாக விழுங்கிவிட்டு 'முதல் பெண்' என்று மாலை போடுகிறோம். பிறகு அவரையும் மறந்து, சானியாவை முதல் பெண் என்கிறோம்.

இது வெறும் ஞாபக மறதி என்றால் நான் பேனாவை எடுத்திருக்க மாட்டேன். முன்னே நடந்தவளை மறந்தால்தான், பின்னே வருகிறவளைப் பார்த்து 'இதென்ன புது வழக்கம்?' என்று கேட்க முடியும். ஒவ்வொரு பெண்ணும் முதல் பெண்ணாகவே இருக்கும் வரையில் அவள் அதிசயம். அதிசயம் பக்கத்து வீட்டில் நடந்தால் போதும், நம் வீட்டில் வேண்டாம்! கைதட்டுகிற அதே கைகள்தாம் மட்டையைப் பரணில் ஏற்றுகின்றன.

பெரியவர் பதில் பேசவில்லை. உள்ளேயிருந்து காப்பி கொண்டு வந்த மருமகள்தான் கேட்டார்: "அந்த அம்மா பேர் என்ன சொன்னீங்க, சார்?"

"க்ஷமா. பொறுமை என்று அர்த்தம், அம்மா."

பொறுமையாக இரு, பொறுமையாக இரு என்றுதான் நம் பெண்களுக்குச் சொல்லி வளர்க்கிறோம். பொறுமை என்றே பெயர் வைத்துக்கொண்ட ஒருத்தி மட்டையைப் பிடித்தாள். மகள் விம்பிள்டன் வரை போனாள். இதைவிட எனக்கு வேறு வாதம் தெரியவில்லை.

அந்த மட்டையை இறக்கிக் கொடுங்கள், ஐயா. அண்டாவுக்குத் துணை வேண்டாம்.