நரிக்கு வேடம் எதற்கு?

2004 ஏப்ரல் 7ஆம் திகதி இரவு. பார்வையாளர் எல்லோரும் போன பிறகு, லண்டன் நேஷனல் போர்ட்ரெய்ட் கேலரிக்குள் ஒரு செந்நரியை அவிழ்த்துவிட்டார்கள். அரசரும் அமைச்சரும் சுவரில் இருந்து பார்த்துக்கொண்டிருக்கும் கூடங்கள் அவை. காவலுக்குப் பூட்டியிருந்த கமராக்களே நரி போன வழியெல்லாம் படம் பிடித்தன. அந்தப் பதிவுதான் பிரான்சிஸ் அலீஸின் ‘தி நைட்வாட்ச்’. பெல்ஜியத்தில் பிறந்து மெக்சிக்கோ நகரில் வாழும் கலைஞர் அவர்.

செந்நரியை வைத்து நம் காலத்தில் வந்த படைப்புகளில் இதற்குத்தான் நான் முதலிடம் கொடுப்பேன். இதில் நரிக்கு எந்த வேடமும் இல்லை.

ஐரோப்பியர் நரிக்குப் பேச்சும் சூழ்ச்சியும் கொடுத்து நூற்றாண்டுகள் ஆகின்றன. ரெய்னார்ட் என்ற தந்திர நரியின் கதையை வில்லியம் கேக்ஸ்டன் 1481இலேயே ஆங்கிலத்தில் அச்சிட்டுவிட்டார். 1972இல் ‘ஜெனெசிஸ்’ இசைக்குழுவின் பீட்டர் கேப்ரியல், மனைவியின் சிவப்புக் கவுனோடும் நரித்தலையோடும் டப்ளின் மேடையில் தோன்றினார். துணிச்சலான வேடம்தான். ஆனால் அங்கே வெளிப்பட்டவர் கேப்ரியல். நரி வெறும் முகமூடி. ரொட்டர்டாமில் 2020இல் ஃப்ளோரென்டைன் ஹோஃப்மன் நிறுத்திய நரி 16 மீட்டர் நீளம், வாயில் இளஞ்சிவப்புப் பிளாஸ்டிக் பை. நகரத்தில் காட்டுயிருக்கும் பங்குண்டு என்கிறது அந்தச் சிலை. நல்ல செய்திதான், ஆனால் அவ்வளவு பெரிய நரியைக் கண்டால் செல்ஃபி எடுக்கத்தான் தோன்றும்.

லண்டனில் பெற்றோல் ஷெட்டில் இரவு வேலை பார்த்தவன் நான். கண்ணாடிக்குப் பின்னால் இருந்து கமராத் திரையைப் பார்ப்பதே பாதி வேலை. கமரா இருக்கிறது என்று தெரிந்ததும் மனிதருக்கு நடை மாறும். ஒருவன் தொப்பியை இழுத்து முகத்தை மறைப்பான். இன்னொருவன் நல்ல பிள்ளையாக நிமிர்ந்து நிற்பான். விடியப்புறம் வரும் நரிக்கு அந்தக் கவலையே இல்லை. குப்பைப் பையைக் கிழித்து, கோழி எலும்பைக் கவ்விக்கொண்டு தன்பாட்டில் போய்விடும். அலீஸ் பிடித்தது இந்த அலட்சியத்தைத்தான். படத்தில் இருப்பவர் எந்த அரசராக இருந்தாலும் நரிக்கு அது சுவர்தான்.

அந்தக் காலத்தையும் நினைத்துப் பார்க்க வேண்டும். நாய்களை ஏவி நரி வேட்டையாடுவதைத் தடுக்கும் சட்டம் அதே 2004 நவம்பரில்தான் நிறைவேறியது. இங்கிலாந்தில் பெரும் சண்டை: ஒரு பக்கம் கிராமத்து மரபு, மறுபக்கம் விலங்குவதை எதிர்ப்பு, அடியில் பழைய வர்க்கப் பகை. எல்லோரும் நரியைச் சொல்லித் தங்கள் வழக்கைப் பேசினார்கள். அலீஸின் நரி யார் பக்கமும் சாட்சி சொல்லவில்லை.

அதையும் பூட்டிய கட்டிடத்துக்குள் கொண்டுபோய் விட்டவர் மனிதர்தானே என்று கேட்கலாம். கேட்கத்தான் வேண்டும். கலைக்காக விலங்கை இடம் மாற்றுவதில் ஓர் அதிகாரம் இருக்கிறது. அலீஸும் அதற்கு விலக்கல்ல. ஆனாலும் உள்ளே விட்ட பிறகு அதனிடம் எதையும் அவர் எதிர்பார்க்கவில்லை. இந்த அடக்கம் மற்றவர்களிடம் அரிது.

நரியை வைத்துப் படைக்க விரும்பும் இளம் கலைஞர்கள், நரித்தலை செய்யத் தொடங்குமுன் ஓர் இரவாவது கமராத் திரையின் முன் உட்காரட்டும். நம்மைப் பற்றிச் சொல்ல நரியிடம் ஒன்றுமில்லை. அதை ஒத்துக்கொண்ட பிறகு செய்யும் கலைதான் எனக்கு வேண்டும்.