சத்தம் போடும் வீடுகள்

“உங்கட வீடு நாடகம் மாதிரி இருக்கு.”

என் வகுப்புத் தோழி இப்படிச் சொன்னபோது எனக்கு முகம் சுருங்கிவிட்டது.

புவியியல் கடந்தகால வினாத்தாள் செய்வதற்காக அன்றுதான் அவள் முதல் தடவையாக எங்கள் வீட்டுக்கு வந்திருந்தாள். வந்து பத்து நிமிடம் இருக்காது, கரண்ட் பில்லைக் கையில் பிடித்தபடி உம்மா காக்காவோடு சண்டையைத் தொடங்கிவிட்டார். இரவு முழுக்க ஃபோனைச் சார்ஜில் போட்டுவிட்டுக் காக்கா தூங்குவதால்தான் பில் கூடுகிறதாம். ஃபோனுக்கு எவ்வளவு கரண்ட் போகும் என்று காக்கா கணக்குச் சொன்னார். உம்மம்மா தன் அறையில் இருந்தபடியே இரண்டு பக்கத்துக்கும் தீர்ப்பு வழங்கினார். விடியற்காலையில் கடலிலிருந்து வந்த வாப்பா தலையணையைக் காதில் வைத்து அழுத்திக்கொண்டு தூங்கப் பார்த்தார். இதற்கிடையில் படலை திறந்து கிடந்ததால் எங்கள் ஊர்க் கழுதை ஒன்று முற்றத்துக்குள் வந்து, கொடியில் காய்ந்த தம்பியின் பாடசாலைக் காற்சட்டையைக் கவ்விக்கொண்டது. தம்பி ஒரு பக்கம் இழுக்க, கழுதை மறுபக்கம் இழுக்க, காற்சட்டை கிழிந்தது. பில்லை மறந்து எல்லோரும் சிரித்தார்கள். தலையணைக்குக் கீழிருந்தும் ஒரு சிரிப்புச் சத்தம் வந்தது.

எனக்கு மட்டும் சிரிப்பு வரவில்லை. தோழியின் வீட்டில் சுவர்க்கடிகாரம் ஓடும் சத்தம்கூடக் கேட்கும். அங்கே யாரும் பில்லைப் பற்றி விருந்தாளி முன்னால் பேசுவதில்லை. அவள் எங்களைக் குறைத்துச் சொல்லிவிட்டாள் என்று நினைத்து இரண்டு நாள் அவளோடு சரியாகப் பேசவில்லை. மூன்றாம் நாள் அவளே கேட்டாள்: “அடுத்த வெள்ளிக்கிழமையும் உங்கட வீட்டிலேயே படிப்பமா?”

அவள் சொன்னது பாராட்டு என்று அப்போதுதான் விளங்கியது. சத்தமும் கடனும் நிறைந்த ஒரு வீட்டைப் பார்க்க மற்றவர்களுக்கு ஏன் ஆசை வருகிறது என்று யோசிக்கத் தொடங்கினேன். ஏனென்றால் இந்த ஆசை என் தோழிக்கு மட்டும் உரியதில்லை. உலகத்தில் நெடுங்காலம் நிலைத்த நகைச்சுவைத் தொடர்கள் பல, உழைத்துத் தின்னும் குடும்பங்களின் குழப்பங்களை வைத்தே எழுதப்பட்டவை.

அமெரிக்காவில் 1955இல் ‘ஹனிமூனர்ஸ்’ என்ற தொடர் வந்தது. கதாநாயகன் ஒரு பஸ் சாரதி. நியூயோர்க்கின் புரூக்ளின் பகுதியில் ஒரு மேசையும் சில கதிரைகளும் உள்ள சின்ன வீடு. பணக்காரனாவதற்கு அவன் புதிது புதிதாகத் திட்டம் போடுவான், திட்டம் கவிழும், மனைவியோடு சண்டை பிடிப்பான், சமாதானமாவான். அந்தத் தொடரில் 39 அத்தியாயங்கள்தான். எழுபது வருடங்களாகியும் அதை யாரோ எங்கோ பார்த்துக்கொண்டுதான் இருக்கிறார்கள்.

மெக்சிக்கோவில் 1970களில் ஒளிபரப்பான ‘எல் சாவோ’ தொடரை எங்கள் வீட்டில் எல்லோருக்கும் தெரியும். அதற்கு ஒரு காரணம் இருக்கிறது. 2022 மார்ச் மாதக் கடைசியில் நாட்டில் ஒரு நாளைக்குப் பதின்மூன்று மணித்தியாலம் வரை மின்சாரம் நின்றது. மண்ணெண்ணெய் கிடைக்காமல் படகுகள் கரையில் கிடந்தன. வாப்பா வரிசையில் நின்றுவிட்டு வெறுங்கானோடு வருவார். அந்த இருட்டு இரவுகளில் காக்காவின் ஃபோனைச் சுற்றி ஆறு பேரும் உட்காருவோம். நாடகம் ஸ்பானிய மொழியில் ஓடும். கீழே வரும் ஆங்கில எழுத்தை வாசித்துத் தமிழில் சொல்வது காக்காவின் வேலை.

பல குடும்பங்கள் ஒரே முற்றத்தைச் சுற்றி வாடகைக்கு இருக்கும் இடம் அது. அங்கே தொன் ரமோன் என்று ஒரு மெலிந்த மனிதர். மனைவியை இழந்தவர், ஒரு மகளை வளர்ப்பவர். கிடைத்த வேலையைச் செய்வார். வேலை கிடைக்காவிட்டாலும் பெரிதாகக் கவலைப்படமாட்டார். அவர் எப்போதும் 14 மாத வாடகை பாக்கி. வருடக்கணக்காகத் தொடர் ஓடியும் பாக்கி 14 மாதமாகவே இருக்கும். வீட்டுக்காரர் வாடகை கேட்டு வரும்போதெல்லாம் அவர் ஒளிந்துகொள்வார். அதைப் பார்த்து வாப்பா, “இவன் நம்ம ஆளுடா” என்று சொல்லிச் சிரித்தார். எண்ணெய் வரிசையில் நின்று வந்த முகத்தில் அன்று நான் பார்த்த முதல் சிரிப்பு அது.

கடனை நினைத்தால் அழுகை வர வேண்டிய நாளில், கடன்காரன் ஒருவனைப் பார்த்து வாப்பாவால் எப்படிச் சிரிக்க முடிந்தது? தொன் ரமோனுக்காக யாரும் இரக்கப்படச் சொல்லவில்லை என்பது ஒரு காரணம் என்று நினைக்கிறேன். அவருக்குக் கடனும் உண்டு, வாயும் உண்டு. கோபப்படுவார், பொய் சொல்லி மாட்டுவார், பக்கத்து வீட்டுப் பிள்ளைக்குத் தன் சாப்பாட்டில் பங்கு கொடுப்பார். வறுமை அவருடைய நிலைமையாக இருந்ததே தவிர, அவருடைய முழு அடையாளமாக இருக்கவில்லை.

பிரித்தானியாவின் ‘ஒன்லி ஃபூல்ஸ் அன்ட் ஹோர்ஸஸ்’ தொடரிலிருந்து இன்னொரு விடயம் விளங்குகிறது. 1981இல் பிபிசியில் தொடங்கிய கதை. தென் லண்டனில் பெக்கம் என்ற இடத்தில் அடுக்குமாடி வீடொன்றில் இரண்டு சகோதரர்கள், அவர்களோடு ஒரு வயோதிபர். தெருவில் சாமான் விற்று, அடுத்த வருடம் கோடீஸ்வரராகிவிடுவோம் என்று சொல்லிச் சொல்லியே காலம் கடத்துவார்கள். 1996 டிசம்பரில் அந்தச் சொல் பலித்தது. பழைய சாமான்களுக்குள் கிடந்த ஒரு கடிகாரம் 62 இலட்சம் பவுணுக்கு ஏலம் போனது. அந்த அத்தியாயத்தைப் பார்த்தவர்கள் இரண்டு கோடியே நாற்பத்து மூன்று இலட்சம் பேர். கதையும் அதோடு முடிந்தது. 2001இல் தொடரைத் திரும்பக் கொண்டுவந்தபோது எழுதியவர் அவர்களுடைய பணம் முழுவதையும் பங்குச் சந்தையில் தொலைக்கச் செய்தார். சகோதரர்களைப் பழைய வீட்டுக்கே கூட்டிவந்தார். பணம் வந்தபின் ஒரே வீட்டில் நெருக்கியடித்துக்கொண்டு இருக்க அவர்களுக்கு அவசியமில்லை. நாங்கள் பார்க்க விரும்பியது அந்த நெருக்கத்தைத்தான்.

வெளிநாட்டுக் கதையை விட்டு எங்கள் நாட்டுக்கு வருகிறேன். உம்மம்மாவின் இளமைக்காலத்தில் தொலைக்காட்சி இல்லை, வானொலிதான். யாழ்ப்பாணத்துக் குடும்பமொன்றின் அன்றாடத்தைச் சொன்ன ‘முகத்தார் வீடு’ இலங்கை வானொலியில் ஒலித்தது. அதை எழுதி நடித்த யேசுரட்ணம் பிற்காலத்தில் பிரான்ஸில் குடியேறிய பிறகும் ‘முகத்தார்’ என்றே அழைக்கப்பட்டார். ஒரு கற்பனை வீட்டின் பெயர் ஒருவரோடு கடல் கடந்தும் போயிருக்கிறது.

அதைவிட உம்மம்மா அதிகம் சொல்வது ‘கோமாளிகளின் கும்மாளம்’ பற்றி. அது ஒரு குடும்பத்தின் கதை இல்லைதான். ஆனால் நாட்டையே ஒரு குடும்பமாக எண்ணினால், அது எங்கள் எல்லோருடைய வீட்டுக் கதை. முஸ்லிம் மரிக்கார், யாழ்ப்பாணத்து அப்புக்குட்டி, சிங்களவர் உபாலி, ஓர் ஐயர். நால்வரும் தத்தம் தமிழில் பேசி, ஒருவரை ஒருவர் வாரி, சேர்ந்தே ஏமாறுவார்கள். மக்களுக்கு அது அவ்வளவு பிடித்ததால் 1976இல் ‘கோமாளிகள்’ என்ற பெயரில் திரைப்படமாகவும் வந்தது. மரிக்கார் பேசத் தொடங்கினால் உம்மாவின் வாப்பா சாப்பாட்டுப் பீங்கானைக் கையில் வைத்துக்கொண்டே சிரிப்பாராம்.

என் சாச்சாவுக்கு இதில் உடன்பாடு இல்லை. “நம்மட பேச்சக் கேலி பண்ணுறதுக்கு ஒரு நாடகமா?” என்பது அவருடைய கேள்வி. அந்தக் கேள்வியை நான் தட்டிக்கழிக்க மாட்டேன். ஒரு கூட்டத்தார் இன்னொரு கூட்டத்தாரைப் பரிகசிப்பதையும், பெண்கள் பெண்களைப் பரிகசிப்பதையும், பட்டப்பெயர் சூட்டுவதையும் அல்ஹுஜுராத் அத்தியாயத்தின் 11ஆவது வசனம் தடுக்கிறது. எங்கள் கல்லூரியில் எல்லோருக்கும் தெரிந்த வசனம். தமிழ்ப் படங்களில் நிறத்தையும் உடம்பையும் வைத்து, அடி வாங்கும் மனைவியை வைத்துச் சிரிக்க வைக்கும் காட்சிகள் ஏராளம். அவற்றுக்காக நான் வாதாட வரவில்லை.

ஆனால் கோமாளிகளில் யார் யாராக நடித்தார்கள் என்று பாருங்கள். மரிக்காராக நடித்தவர் எஸ். ராமதாஸ். நாடகத்தை எழுதியவரும் அவர்தான். உபாலியாக நடித்தவர் செல்வசேகரன். ஐயராக நடித்தவர் எங்கள் பி.எச். அப்துல் ஹமீத். தமிழர் முஸ்லிமாகவும், தமிழர் சிங்களவராகவும், முஸ்லிம் ஐயராகவும் மாறி நின்றபோது, அங்கே மேலிருந்து கீழே பார்த்துச் சிரிக்க ஒருவருமே இருக்கவில்லை. உம்மம்மா இதை ஒரே வசனத்தில் சாச்சாவுக்குச் சொல்லிவிட்டார்: “மரிக்கார் மட்டுமா ஏமாந்தான்? நாலு பேரும்தானே ஏமாந்தாங்க.” குடும்ப நகைச்சுவைக்கு அளவுகோல் இதுதான் என்பது என் கருத்து. வீட்டில் எல்லோரும் ஒரே அளவுக்கு முட்டாளாக வேண்டும். ஒருவரே எப்போதும் முட்டாளாகக் கூடாது.

அந்த வானொலிப் பெட்டி எங்கே என்று ஒரு நாள் உம்மம்மாவிடம் கேட்டேன். “மேசையில இருந்திச்சு” என்றார். அதற்குமேல் அவர் சொல்ல வேண்டியிருக்கவில்லை. 1990 ஒக்டோபரில் வடக்கு முஸ்லிம்கள் விடுதலைப் புலிகளால் வெளியேற்றப்பட்டபோது, மன்னாரிலிருந்து படகேறிக் கற்பிட்டிக் கரையில் இறங்கியவர்களில் எங்கள் குடும்பமும் ஒன்று. உம்மாவுக்கு அப்போது எட்டு வயது. மேசையும் வானொலியும் அந்த வீட்டிலேயே நின்றுவிட்டன. நான் பிறந்தது புத்தளத்தில். யுத்தம் முடிந்த பிறகுதான் ஊருக்குத் திரும்பினோம். பழைய வீடு இருந்த இடத்தில் அத்திவாரமும் பற்றையும்தான் இருந்தன.

இதை நினைக்கும்போது இந்தத் தொடர்களின் கவர்ச்சி எனக்கு முழுமையாக விளங்குகிறது. எவ்வளவு கத்தினாலும், எவ்வளவு கடன் ஏறினாலும், அடுத்த வாரம் அதே ஆட்கள் அதே வீட்டில் இருப்பார்கள். பஸ் சாரதியின் மேசை அங்கேயே இருக்கும். தொன் ரமோனை வீட்டுக்காரர் கடைசியில் வெளியே தள்ளிவிடமாட்டார். உலகத்தில் ஏழைக் குடும்பங்களுக்குக் கிடைக்காத வாக்குறுதி அது. வாடகை தவறினால் வீடு போகும், தொழில் போனால் ஊர் மாற வேண்டும், துப்பாக்கி வந்தால் எல்லாமே போகும். அதனால்தான் மெக்சிக்கோவிலும் லண்டனிலும் மன்னாரிலும் மக்கள் அந்த வீடுகளைத் திரும்பத் திரும்பப் பார்க்கிறார்கள். சிரிப்புக்கு அடியில் ஒரு நிம்மதி இருக்கிறது: நாளைக்கும் இதே வீடுதான்.

வறுமையைச் சிரித்து மறைக்கலாமா என்று பெற்றோர் சிலர் கேட்கக்கூடும். இந்தத் தொடர்கள் மறைப்பதாக எனக்குத் தெரியவில்லை. 14 மாதம் என்று எண்ணிக்கையோடு சொல்வது மறைப்பதா? எங்கள் பாடசாலை மேடைகளை நினைத்துப் பாருங்கள். ஏழை வீடு என்றால் கிழிந்த சேலை, இருமும் தந்தை, சோக இசை, கடைசியில் ஒரு அறிவுரை. பார்ப்பவர்கள் கண்ணைத் துடைத்துக்கொண்டு வீட்டுக்குப் போகிறார்கள். அந்த வீட்டு மனிதர்களின் புத்திக்கூர்மையை, பகிடியை, பில்லை வைத்து அவர்கள் போடும் கணக்கை நாங்கள் ஒருபோதும் மேடையேற்றியதில்லை. எங்களை நாங்களே அழவேண்டியவர்களாக மட்டும் எழுதிக்கொண்டிருக்கிறோம்.

சக மாணவிகளிடம் நான் கேட்பது இதுதான். அடுத்த தமிழ்த்தினப் போட்டிக்கு நாடகம் எழுதும்போது உங்கள் வீட்டுச் சண்டையில் ஒன்றை எழுதுங்கள். மீன் விலை, சீட்டுக்காசு, மாமியின் தையல் மெஷின், வெளிநாட்டிலிருந்து வரும் அழைப்புக்கு ஆறு பேர் ஒரே நேரத்தில் பேசுவது, எல்லாம் எழுதலாம். அறிவுரை சொல்லாமல் முடியுங்கள். பெற்றோரிடமும் ஒரு வேண்டுகோள். பிள்ளைகளின் தோழிகள் வரும்போது வீட்டை அமைதியாக்க வேண்டாம். திரும்பி வந்து கட்டிய வீடுகளில் சத்தம் கேட்பது சின்ன விடயமில்லை. இருபது வருடத்துக்கும் மேலாக அங்கே சத்தமே இல்லாமல் இருந்தது.

இந்த வெள்ளிக்கிழமை என் தோழி மீண்டும் வருகிறாள். படலையை மறக்காமல் பூட்டவேண்டும் என்று உம்மா காலையிலிருந்தே சொல்லிக்கொண்டிருக்கிறார். வேண்டாம், திறந்தே கிடக்கட்டும் என்கிறான் தம்பி. அவனிடம் இன்னும் ஒரு பழைய காற்சட்டை இருக்கிறதாம்.

— உயர்தர வகுப்பு மாணவி, கலைப் பிரிவு